‘ஒரே தீர்வு’ என்ற சொல்லைத் திரும்பப் பெறுங்கள்: ஒகினாவாவை முன்வைத்து ஒரு திறந்த மடல்

ஜப்பான்–அமெரிக்கப் பாதுகாப்பு ஆலோசனைக் குழுவில் அமரும் இரு நாட்டு வெளியுறவு, பாதுகாப்பு அமைச்சர்களுக்கு,

வணக்கம்.

பல ஆண்டுகளாக உங்கள் கூட்டறிக்கைகளில் ஒரு வாசகம் திரும்பத் திரும்ப இடம்பெற்று வருகிறது. ஜப்பானின் தெற்குத் தீவான ஒகினாவாவில் உள்ள ஃபுடென்மா அமெரிக்க மெரீன் விமானத் தளத்தைத் தொடர்ந்து பயன்படுத்தாமல் இருப்பதற்கு, அதே தீவின் ஹெனோகோ கடற்கரையில் மாற்றுத் தளம் கட்டுவதே ஒரே தீர்வு என்பது அந்த வாசகம். அந்த ‘ஒரே’ என்ற சொல்லை ஒகினாவா மக்களைக் கேட்காமல் நீங்கள் எழுதுகிறீர்கள் என்பதால்தான், அத்தீவுக்கு வெகு தொலைவில் தமிழ்நாட்டில் இருந்துகொண்டு ஆசியாவின் அண்மைக்கால வரலாற்றைப் படித்துவரும் நான் இம்மடலை எழுதுகிறேன்.

ஓர் இந்தியனுக்கு இதில் என்ன அக்கறை என்று நீங்கள் கேட்கலாம். 1951 ஆகஸ்டில், சான் பிரான்சிஸ்கோ அமைதி மாநாட்டில் பங்கேற்க மறுத்து இந்திய அரசு வாஷிங்டனுக்கு எழுதியபோது, சொன்ன காரணங்களுள் ஒன்று ஒகினாவாவை உள்ளடக்கிய ரியூக்கியூ தீவுகள் ஜப்பானிடம் முழுமையாகத் திருப்பித் தரப்படவில்லை என்பதாகும். அந்த மறுப்பை நான் இன்றும் மதிக்கிறேன். ஆனால் அதிலும் ஒரு குறை இருந்தது. 1879 வரை தனி அரசாக இருந்து, அமெரிக்காவுடன் 1854-இல் தன் பெயரிலேயே உடன்படிக்கை செய்துகொண்ட ஒரு தீவுக்கூட்டத்தை, டோக்கியோவுக்கும் வாஷிங்டனுக்கும் இடையிலான உடைமைக் கணக்காகவே எங்கள் அரசும் பார்த்தது. அங்கு வாழ்வோரின் விருப்பம் என்ன என்று எங்கள் கடிதமும் கேட்கவில்லை. ஆகவே உங்களிடம் நான் சொல்லும் குறையில் எங்களுக்கும் பங்குண்டு.

1945 ஏப்ரல் 1 அன்று அமெரிக்கப் படை ஒகினாவாத் தீவின் நடுப்பகுதியில் கரையிறங்கியது. ஏறத்தாழ மூன்று மாதம் நீடித்த அந்தப் போரில் 2 லட்சத்துக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அவர்களில் 1,20,000-க்கும் மேற்பட்டோர் ஒகினாவா மக்கள், பெரும்பாலோர் ஆயுதம் ஏந்தாதவர்கள். அமெரிக்கக் குண்டுகளுக்கு அஞ்சிக் குகைகளில் ஒளிந்தவர்களை ஜப்பானியப் படையினரே வெளியேற்றிய நிகழ்வுகள் உண்டு. தங்கள் தாய்மொழியில் பேசியவர்களை ஒற்றர்கள் என்று கொன்றதும், குடும்பம் குடும்பமாக உயிரை மாய்த்துக்கொள்ளும் நிலைக்கு மக்களைத் தள்ளியதும் அதே படைதான். இரு படைகளுக்கு நடுவே அகப்பட்ட அம்மக்கள், போர் முடிந்தபின் இரு அரசுகளுக்கு நடுவே அகப்பட்டார்கள். 1947-இல் பேரரசர் ஹிரோஹிட்டோவின் ஆலோசகர் வழியாக, ஜப்பானை ஆக்கிரமித்திருந்த அமெரிக்க நிர்வாகத்துக்குச் சென்ற செய்தி, இறையாண்மை ஜப்பானிடம் இருக்க, 25 முதல் 50 ஆண்டுகளோ அதற்கு மேலோ ஒகினாவாவை அமெரிக்கா குத்தகை போல வைத்துக்கொள்ளலாம் என்றது. 1952 ஏப்ரல் 28 அன்று ஜப்பான் விடுதலை பெற்றது. அதே நாளில் ஒகினாவா அமெரிக்க நிர்வாகத்தின்கீழ் விடப்பட்டது. அதனால் அந்த நாளை ஒகினாவாவில் ‘அவமான நாள்’ என்கிறார்கள். 2013-இல் டோக்கியோ அதே நாளை இறையாண்மை மீண்ட நாளாகக் கொண்டாடியபோது அவர்கள் கூடிக் கண்டனம் தெரிவித்ததில் வியப்பில்லை.

பகைவர்களாக இருந்த ஜப்பானியரும் அமெரிக்கரும் நண்பர்களான கதையை உலகம் மதித்துப் பேசுகிறது. 2016 மே மாதம் ஒபாமா ஹிரோஷிமாவிலும், அதே ஆண்டு டிசம்பரில் ஷின்சோ அபே பேர்ல் ஹார்பரிலும் தலைவணங்கி நின்றதை நானும் நெகிழ்ச்சியோடு பார்த்தேன். ஆனால் அந்த நட்பின் பாரம் எங்கே இறக்கி வைக்கப்பட்டது என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் கதை முழுமையாகும். 1950-களில் ஜப்பானின் பெருந்தீவில் தளங்களுக்கு எதிர்ப்பு வலுத்தபோது, கிஃபு போன்ற இடங்களில் இருந்த மெரீன் படைப்பிரிவுகள், வாக்குரிமையால் எதிர்க்க வழியில்லாத ஒகினாவாவுக்கு மாற்றப்பட்டன. அங்கே துப்பாக்கிமுனையில் உழவர்களை விலக்கி, வீடுகளையும் வயல்களையும் புல்டோசர்களால் தரைமட்டமாக்கி நிலம் எடுக்கப்பட்டது. 1972 மே 15 அன்று தீவு ஜப்பானிடம் திரும்பியது. தளங்கள் அப்படியே நின்றன. இன்றும் ஜப்பானின் நிலப்பரப்பில் சுமார் 0.6 விழுக்காடே உள்ள அந்த மாகாணத்தில்தான், அந்நாட்டில் அமெரிக்கப் படைக்கென்றே ஒதுக்கப்பட்ட தளங்களின் பரப்பில் சுமார் 70 விழுக்காடு இருக்கிறது.

ஃபுடென்மாவைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். தளம் வந்த பிறகே மக்கள் அதைச் சுற்றிக் குடியேறினார்கள் என்ற வாதம் பலமுறை எழுப்பப்படுகிறது. 1945-இல் அமெரிக்கப் படை அந்த ஓடுதளத்தை அமைத்த நிலம் வெற்று நிலம் அன்று. அங்கே கினோவான் கிராமத்தின் வீடுகளும் பள்ளியும் கிராம அலுவலகமும் பைன் மரங்கள் அணிவகுத்த சாலையும் இருந்தன. ஊரார் முகாம்களில் அடைபட்டிருந்த நேரத்தில் அவர்களின் ஊர் ஓடுதளமாகிவிட்டது. திரும்பி வந்தவர்கள் எஞ்சிய நிலத்தில், கம்பிவேலியை ஒட்டிக் குடியிருக்க நேர்ந்தது. 2004-இல் அத்தளத்தின் ஹெலிகாப்டர் ஒன்று அருகிலிருந்த பல்கலைக்கழகத்தின் மீது விழுந்தது. 2017 டிசம்பரில் மற்றொரு ஹெலிகாப்டரின் சன்னல் கழன்று, வேலியை ஒட்டிய தொடக்கப்பள்ளியின் விளையாட்டுத் திடலில் விழுந்தது. அதன்பின் அப்பள்ளிக் குழந்தைகள் விமானம் நெருங்கும்போதெல்லாம் விளையாட்டை நிறுத்திவிட்டு ஒதுங்க வேண்டியிருந்தது. சில மாதங்களுக்குள் அவர்கள் நூற்றுக்கணக்கான முறை அப்படி ஓடி ஒதுங்கினார்கள்.

அத்தளத்தை ஐந்து முதல் ஏழு ஆண்டுகளுக்குள் திருப்பித் தருவதாக உங்கள் இரு அரசுகளும் அறிவித்தது 1996 ஏப்ரலில். முந்தைய ஆண்டில் பன்னிரண்டு வயதுச் சிறுமி ஒருத்தியை அமெரிக்கப் படையினர் மூவர் கடத்திச் சென்று வன்கொடுமை செய்ததும், பல்லாயிரம் மக்கள் கினோவானில் திரண்டதும்தான் அந்த வாக்குறுதியைப் பெற்றுத் தந்தன. அந்த ஏழு ஆண்டுகள் 2003-இலேயே முடிந்துவிட்டன.

மாற்று இடமாக நீங்கள் தேர்ந்தெடுத்த, ஹெனோகோவை ஒட்டிய ஓவுரா விரிகுடா பவளமும் கடற்புல்லும் நிறைந்த நீர்ப்பரப்பு. அதன் அடியில் சில இடங்களில் கடல்மட்டத்திலிருந்து 90 மீட்டர் ஆழம் வரை மென்களிமண் கிடக்கிறது. அதை உறுதிப்படுத்தச் சுமார் 71,000 மணல் தூண்களை இறக்கத் திட்டமிட்டிருக்கிறீர்கள். 2019-இல் ஜப்பானிய அரசே வெளியிட்ட மதிப்பீட்டின்படி செலவு 93,000 கோடி யென். கடலை நிரப்ப மண் எடுக்கக்கூடிய இடங்களின் பட்டியலில், போர் கடைசியாக மிகக் கொடூரமாக நடந்த தெற்கு ஒகினாவாவையும் சேர்த்திருக்கிறீர்கள். இறந்தவர்களின் எலும்புகள் இன்னும் முழுமையாக மீட்கப்படாத மண் அது. அந்த மண்ணை அள்ளி, அவர்களைக் கொன்ற போரின் தொடர்ச்சியாக நிற்கும் ஒரு படைத்தளத்துக்கு அடித்தளமாகக் கொட்டலாம் என்ற எண்ணம் எந்த அலுவலகத்தில் தோன்றியிருந்தாலும், அதற்குக் கையெழுத்திடும் முன் உங்களில் ஒருவராவது தயங்கியிருக்க வேண்டும்.

மக்களின் கருத்தை அறியும் வாய்ப்பு உங்களுக்குக் கிடைக்காமல் இல்லை. 2019 பிப்ரவரி 24 அன்று நடந்த மாகாண வாக்கெடுப்பில் 4,34,273 பேர், அதாவது வாக்களித்தோரில் ஏறத்தாழ 72 விழுக்காட்டினர், கடலை நிரப்புவதை எதிர்த்தார்கள். பணி நிற்கவில்லை. அந்த மென்களிமண்ணை உறுதிப்படுத்துவதற்கான வடிவமைப்பு மாற்றத்துக்கு, மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்த ஆளுநர் டமாகி டெனி ஒப்புதல் தர மறுத்தபோது, 2023 டிசம்பரில் மைய அரசு நீதிமன்றத் தீர்ப்பைப் பெற்று, அவருக்குப் பதிலாகத் தானே ஒப்புதல் அளித்துக்கொண்டது. ஒகினாவாத் தாய்க்கும் அமெரிக்க மெரீன் வீரருக்கும் பிறந்த ஒருவர் அவர். உங்கள் இரு நாடுகளின் உறவைத் தன் பிறப்பிலேயே தாங்கும் அவருக்கும், அந்த உறவைப் பற்றி முடிவெடுக்கும் உங்கள் குழுவில் இடமில்லை.

சீனாவின் படைபலமும் தைவானைச் சூழ்ந்த பதற்றமும் கற்பனை என்று நான் சொல்லவில்லை. உங்கள் பாதுகாப்பு உடன்படிக்கையைக் கலைக்கவும் கோரவில்லை. ஒகினாவா மக்கள் எல்லோரும் ஒரே கருத்துடையவர்கள் அல்லர். தளங்களில் வேலை செய்வோரும், நிலவாடகை பெறுவோரும், கடும் நிபந்தனைகளோடு ஹெனோகோவை ஏற்போரும் அங்கே உண்டு. அவர்களின் குரலும் இப்போது உங்களுக்கு நேரடியாக வந்து சேர்வதில்லை என்பதே என் முறையீடு.

தளங்களின் அன்றாட நடைமுறையை முடிவுசெய்யும் கூட்டுக்குழுவில் ஜப்பானிய அதிகாரிகளும் அமெரிக்கப் படை அதிகாரிகளும் கூடுகிறார்கள். இரு தரப்பும் இசைந்தாலொழிய அதன் குறிப்புகள் வெளிவருவதில்லை. ஆகவே ஒகினாவா தொடர்பான குறிப்புகளை வெளியிடுங்கள். அக்குழுவிலும், ஒகினாவா பேசப்படும் உங்கள் அமர்வுகளிலும் அம்மாகாணத்தின் பேராளருக்கு இடமளியுங்கள். தெற்குப் பகுதி மண்ணைப் பட்டியலிலிருந்து நீக்குங்கள். ஃபுடென்மாவை மூடுவதற்கான நாளை, ஹெனோகோ முடியும் நாளோடு பிணைக்காமல் தனியாக அறிவியுங்கள். இந்த நான்கும் நடக்கும்வரை, அடுத்த கூட்டறிக்கையில் ‘ஒரே தீர்வு’ என்ற சொல்லை எழுதாதீர்கள்.

இம்மடலுக்கான பதிலை எனக்கு அனுப்ப வேண்டியதில்லை. நாஹாவில் உள்ள மாகாண அரசுக்கும், கினோவானில் வேலியை ஒட்டியிருக்கும் அந்தத் தொடக்கப்பள்ளிக்கும் அனுப்புங்கள்.

மதிப்புடன்,
தமிழ்நாட்டிலிருந்து ஒரு வரலாற்று வாசகன்