கோப்பை இன்னும் என்னிடம்தான் இருக்கிறது

அன்புள்ள கோமதி,

ஆறு மாதமாக ஒரு வரிகூட எழுதவில்லை. திட்டி முடித்துவிட்டு மேலே படி. இங்கே எல்லோரும் நலம். அவருக்கு முழங்கால் வலி, எனக்கு அவரால் தலைவலி. உன் பேத்திக்குக் காது குத்தியாகிவிட்டதா?

விஷயத்துக்கு வருகிறேன். நேற்று இரவு தூக்கம் வராமல் ‘பிளாக்மெயில்’ பார்த்தேன். ஹிட்ச்காக் 1929இல் எடுத்தது. எல்ஸ்ட்ரீ ஸ்டுடியோவில் மௌனப் படமாகத் தொடங்கி, பாதியில் பேசும் படமாக மாற்றிவிட்டார்கள். வந்தது வினை. கதாநாயகி ஆனி ஓண்ட்ரா செக் நாட்டில் வளர்ந்தவள். கதையிலோ லண்டனில் புகையிலைக் கடை வைத்திருப்பவரின் மகள்! குரலைப் பிறகு தனியாகச் சேர்க்கும் வசதி அப்போது கிடையாது. ஆகவே ஜோன் பாரி என்ற ஆங்கிலேயப் பெண்ணைக் காமிராவில் படாமல் மைக்கின் முன்னால் நிறுத்தினார்கள். ஓண்ட்ரா வாயசைக்க வேண்டும், அதே நொடியில் இவள் பேச வேண்டும்.

கதை தெரிந்துகொண்டு உட்கார்ந்ததால் நான் உதட்டை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தேன். முகம் ஒரு பக்கம், குரல் ஒரு பக்கம். கடைக்காரர் மகளுக்குக் கொஞ்சம் சீமாட்டித்தனமான உச்சரிப்புத்தான். உன்னைப் போலவே ல, ள, ழ பிசகாது என்று வைத்துக்கொள். நடிகர் பட்டியலில் ஜோன் பாரியின் பெயர் இல்லை.

இரண்டு வருடம் கழித்து, 1931இல், அதே ஹிட்ச்காக் ‘ரிச் அண்ட் ஸ்ட்ரேஞ்ச்’ படத்தில் அவளையே கதாநாயகி ஆக்கினார். இந்த முறை முகமும் அவளுடையதே. படம் ஓடவில்லை. அடுத்த வருடம் ‘ரோம் எக்ஸ்பிரஸ்’. பிறகு கல்யாணம், சினிமாவுக்கு முழுக்கு. 1989 வரை இருந்திருக்கிறாள், கோமதி. நடித்ததைவிட நடிக்காமல் இருந்த வருடங்கள் எத்தனை மடங்கு! ஓண்ட்ராவுக்கு ஒன்றும் குறைவில்லை. ஜெர்மனிக்குப் போய் ஷ்மெலிங் என்ற குத்துச்சண்டை வீரரைக் கல்யாணம் செய்துகொண்டாள்.

படம் முடிந்தபோது மணி இரண்டு. எழுந்து போய் அலமாரியைத் திறந்தேன். எதற்கு என்று உனக்குத் தெரியும்.

அன்றைக்கு அந்த நடுவர் மேடையில் என் ‘குரல் வளத்தை’ப் பாராட்டிக்கொண்டிருந்தபோது தட்டிக்குப் பின்னால் நீ என்ன செய்துகொண்டிருந்தாய்? நாம் இருவரும் ஆயிரம் தடவை சொல்லிச் சிரித்த கதைதான். ஆனால் இதை மட்டும் நான் கேட்டதே இல்லை. எனக்குத் தொண்டை கட்டியிருந்தது உண்மை. மறுநாள் சரியாகிவிட்டதே, அப்போதாவது தமிழம்மாவிடம் போய்ச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

கோப்பையில் இத்தனை நாளும் பொத்தான் போட்டு வைத்திருந்தேன். கொட்டிவிட்டுப் புளி போட்டுத் தேய்த்திருக்கிறேன். ஒரு காது ஆடுகிறது. வரும் வெள்ளிக்கிழமை மருமகன் மதுரைக்கு வருகிறான், அவனிடம் கொடுத்தனுப்புகிறேன். திருப்பி அனுப்பினாயானால் மீண்டும் ஆறு மாதம் எழுத மாட்டேன்.

உன்,
சரசு