பனிப் படத்தில் கதை தேடும் தேர்வுக் குழுவினருக்கு

குறும்பட விழாக்களின் தேர்வுக் குழுவினருக்கு வணக்கம்.

பனிக்கால நிலத்தை மட்டுமே காட்டும் சோதனைக் குறும்படங்களைத் திருப்பி அனுப்பும்போது பெரும்பாலும் ஒரே காரணம்தான் சொல்கிறீர்கள்: “காட்சிகள் அழகு, கதை இல்லை.” கதை இல்லைதான். அதைக் குறையாக எண்ணுவதில்தான் எனக்கு வழக்கு.

நிலமும் பொழுதும் முதற்பொருள் என்கிறது தொல்காப்பியம். ஆள் நடமாட்டமே இல்லாத ஃபிரேமிலும் அவை இரண்டும் உண்டு. உரிப்பொருளை, அதாவது அந்த நிலத்துக்குரிய உணர்வை, பார்ப்பவர் கொண்டுவருவார். ஜெஃப்ரி ஜோன்ஸ் 1963இல் எடுத்த ‘ஸ்நோ’ சுமார் எட்டு நிமிடப் படம். வசனமில்லை, நாயகனில்லை. தண்டவாளத்தில் பனி விலக்கும் தொழிலாளர்கள், பனியைக் கிழித்தோடும் ரயில்கள், வேகமேறும் தாளத்துக்கு வெட்டிய தொகுப்பு. ஆஸ்கர் பரிந்துரை வரை போனது.

பனிப் படம் தரும் மனநிலை தானாக அமைவதில்லை. புதுப்பனி தன்மேல் விழும் வெளிச்சத்தில் 80 முதல் 90 விழுக்காட்டைத் திருப்பிவிடும். கேமராவின் லைட் மீட்டரோ எதிரிலுள்ளதை நடுத்தரச் சாம்பலாகவே கணக்கிடும். அதன் பேச்சைக் கேட்டால் பனி அழுக்காகப் பதியும். உள்ளே விடும் ஒளியை ஒன்றிரண்டு ஸ்டாப் (ஒளியளவின் படி) கூட்டினால் வெண்மை, விட்டுவிட்டால் சோர்வு. எது வேண்டுமென்று இயக்குநர் முடிவெடுக்கிறார். நிழலில் வானம் பூசும் நீலத்தை நிறம் திருத்தும் கலர் கிரேடிங்கில் துடைப்பதா, விடுவதா என்பதும் அப்படித்தான். புதுப்பனியின் நுண்துளைகள் ஓசையை உறிஞ்சுவதால் அங்கே மைக்கில் பதிவாகும் அமைதியே வேறு. பின்னணி இசை சேர்க்கச் சொல்பவர்கள் அதைக் கேட்டிருக்க மாட்டார்கள்.

கேட்க வழியும் இல்லை. முதல் சுற்றுப் படங்கள் மடிக்கணினியில், இணைய லிங்கில்தானே ஓடுகின்றன! கொட்டும் பனி வீடியோ சுருக்கத்துக்குப் பரம எதிரி. ஃபிரேமுக்கு ஃபிரேம் மாறாததை விட்டு, மாறியதை மட்டும் பதிவது அந்த நுட்பம். பனி பெய்யும்போதோ திரை முழுவதும் மாறிக்கொண்டே இருக்கும். பிட்ரேட் (நொடிக்கு ஒதுக்கும் தரவின் அளவு) போதாமல் துகள்களெல்லாம் கட்டம் கட்டமாகக் குழைந்துபோகும். அந்தக் கசங்கிய நகலைப் பார்த்துத்தான் தீர்ப்பு எழுதுகிறீர்கள்.

இத்தகைய படங்களுக்காவது மூலக் கோப்பை வாங்குங்கள். இருட்டறையில், நல்ல ஒலியோடு, தள்ளி ஓட்டாமல் ஒருமுறை பாருங்கள். விண்ணப்பத்தில் கதைச்சுருக்கம் கட்டாயம் என்பதை எடுத்துவிடுங்கள். தேர்வானால், இரண்டு நகைச்சுவைப் படங்களுக்கு நடுவே இட்டு நிரப்பாதீர்கள்.

இவ்வளவுக்குப் பிறகும் அலுத்தால் தாராளமாகத் திருப்பி அனுப்புங்கள். ட்ரோனில் மலையைச் சுற்றிவந்து பியானோவை ஒட்டிவிட்ட படங்கள் என்னிடம் வந்தாலும் அதையேதான் செய்வேன்.

அன்புடன்,
ஒரு குறும்படத் தொகுப்பாளர்