இடிக்கச் சொல்லி வந்த நோட்டீஸ்

அன்புள்ள மங்கைக்கு,

உன் கடிதம் கிடைத்தது. வீட்டில் தமிழ் வகுப்பு நடத்தக் கூடாது என்று உனக்கும் நோட்டீஸ் வந்திருக்கிறதே, படித்ததும் மனசே சரியில்லை. நம் தென்னாப்பிரிக்காவில், ஜோகன்னஸ்பர்க் பக்கத்து லெனேசியாவில் இருக்கிற கொஞ்ச வகுப்புகளில் அதுவும் ஒன்று. எங்கள் கோயில் விவகாரம் என்ன ஆயிற்று என்று கேட்டிருந்தாய், சொல்கிறேன்.

அம்மனுக்குக் கூழ் காய்ச்சும் தகரக் கொட்டகைக்கு வரைபட அனுமதி இல்லை, அது உண்மை. பக்கத்து மண்டபத்துக்கு இருக்கிறது. நகராட்சியோ இரண்டையும் 14 நாளில் இடிக்கச் சொல்லிவிட்டது. யாரும் வந்து பார்க்கவில்லை, எங்களை ஒரு வார்த்தை கேட்கவும் இல்லை. "நாமே இடித்துவிடுவோம், அவர்களோடு மோத முடியுமா" என்றார்கள் பெரியவர்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இனவாரியாகக் குடியிருப்பைப் பிரித்த 1950ஆம் வருடச் சட்டத்தால் டர்பனின் கேட்டோ மேனரை விட்டுத் துரத்தப்பட்ட குடும்பங்கள் அவை. அன்றைக்கு வந்த காகிதத்துக்குச் சட்டமே துணை நின்றது. இன்றைக்கு அரசியல் சாசனத்தின் 33ஆம் பிரிவு நம் பக்கம் இருக்கிறது. அதிகாரிகளின் முடிவு நியாயமான முறையில் எடுக்கப்பட வேண்டும், பாதிக்கப்பட்டவர் எழுத்தில் காரணம் கேட்கலாம். இதை அவர்களுக்குப் புரியவைக்கத்தான் ரொம்ப நேரம் பிடித்தது.

நோட்டீஸ் தப்பு என்று நமக்குத் தெரிந்தால் மட்டும் போதாது மங்கை. கோர்ட் ரத்து செய்யும் வரை அது செல்லும். 2004இல் கேப் டவுன் நகராட்சிக்கு எதிரான அவுடெக்ரால் வழக்கின் தீர்ப்பே அதுதான் என்றார் எங்கள் வக்கீல். அதனால் அலமாரியில் போட்டு வைத்துவிடாதே. அதே சமயம் நகராட்சியும் தன் இஷ்டத்துக்கு இடித்துவிட முடியாது, 1977ஆம் வருடக் கட்டடச் சட்டப்படி மாஜிஸ்திரேட் உத்தரவு வாங்க வேண்டும்.

முதலில் நகராட்சி மேலாளருக்கு 21 நாளுக்குள் அப்பீல் கொடுத்தோம், கூடவே காரணமும் கேட்டோம். அப்பீல் வழி இருக்கும்போது அதை விட்டுவிட்டு நேரே ஹைகோர்ட்டுக்குப் போனால், சாதாரணமாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். அப்பீல் தள்ளுபடியான பிறகுதான் வழக்குப் போட்டோம். அதையும் தாமதிக்காமல் போட வேண்டும், 180 நாள்தான் உச்சவரம்பு. விசாரணை முடியும்வரை இடிக்க மாட்டோம் என்று நகராட்சி வக்கீல் எழுதிக் கொடுத்திருக்கிறார்.

மண்டபம் தப்பிக்கும் என்றுதான் நம்புகிறேன். கொட்டகையைப் பற்றி அப்படிச் சொல்ல முடியவில்லை. கென்டன்-ஆன்-சீ என்ற கடற்கரை ஊரில் அனுமதி இல்லாமல் கட்டிய பெரிய வீட்டையே முழுசாக இடிக்கச் சொல்லி 2013இல் தீர்ப்பு வந்திருக்கிறது. அதனால் கொட்டகைக்கு இப்போதே வரைபடம் போட்டு விண்ணப்பித்துவிட்டோம்.

அப்புறம், உன் நோட்டீஸ் எந்தச் சட்டத்தின் கீழ் வந்தது, கையெழுத்துப் போட்டது யார், உன் கைக்கு வந்த தேதி என்ன? மூன்றையும் உடனே எழுது, நகலும் அனுப்பு. வக்கீலிடம் நானே காட்டுகிறேன். பிள்ளைகளுக்கு வகுப்பு இல்லை என்று மட்டும் அதற்குள் சொல்லிவிடாதே.

அன்புடன்,
கோமதி