தென்பாதி உலகில் தவறாகக் காட்டும் பொழுதாற்றல்மானி குறித்த புகார்

அனுப்புநர்:
தமிழ் மாலை வகுப்பு ஆசிரியை,
ரோஸ்ஹில், மொரீஷியஸ்.

பெறுநர்:
வாடிக்கையாளர் குறைதீர்ப்புப் பிரிவு,
விளையாட்டுக் கருவிகள் தயாரிப்பு நிறுவனம்,
சென்னை.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மா,

பொருள்: பொழுதாற்றல்மானியின் தட்டையும் பருவ வளையத்தையும் மாற்றித் தரக் கோருதல்.

தங்கள் நிறுவனத்தின் ஐந்நில மாயக்கதை விளையாட்டுத் தொகுப்பை எங்கள் வகுப்பு மாணவர்களுக்காக இணையவழி வாங்கினேன். அக்கதை உலகில் காலம் எல்லா வேளையிலும் ஒரே வலிமையுடன் ஓடுவதில்லை. யாமத்தின் ஆற்றல் ஆளை மறைக்கும். வைகறையின் ஆற்றல் பூட்டிய கதவைத் திறக்கும். நண்பகலின் ஆற்றல் ஊற்றை வற்றச் செய்யும். கதைமாந்தர் ஒவ்வொரு செயலுக்கும் முன் இந்த ஆற்றலை அளந்துகொள்ள வேண்டும் என்பதால், ஆட்டம் முழுவதும் பொழுதாற்றல்மானி என்ற கருவியையே நம்பியிருக்கிறது. அக்கருவியோ எங்கள் தீவில் காலையை எற்பாடு (பிற்பகல் பொழுது) என்றும், எற்பாட்டைக் காலை என்றும் காட்டுகிறது. பெட்டியின் மேலோ, இது உலகின் எந்த ஊரிலும் துல்லியமாக இயங்கும் என்று அச்சிட்டிருக்கிறீர்கள்.

காரணம் தெளிவானது. கருவியின் பகல் பகுதி ஒரு நிழற்கடிகாரம். நிழலை விழச்செய்யும் அதன் சாய்கோல் 13 பாகையில் அசையாதபடி பொருத்தப்பட்டுள்ளது; அது சென்னையின் வட அட்சரேகை. மொரீஷியஸ் தெற்கே 20 பாகையில் உள்ளது. கையேடு சொல்வதுபோல் கோலை வடக்கு நோக்கி வைத்தால், பூமியின் அச்சுக்கு இணையாக இருக்க வேண்டிய அது 33 பாகை விலகி நிற்கிறது. இதைத் தெரிவித்தபோது, கருவியைத் தெற்கு நோக்கித் திருப்பி வைக்குமாறு தங்கள் சேவைப் பிரிவினர் பதில் எழுதினர். அப்படித் திருப்பினால் சாய்வில் உள்ள பிழை 7 பாகையாகக் குறைகிறது என்பது உண்மைதான். ஆனால் வடபாதியில் நிழல் மேற்கிலிருந்து வடக்கு வழியாகக் கிழக்கே வலஞ்சுழியாக நகர்கிறது. இங்கே அது மேற்கிலிருந்து தெற்கு வழியாகக் கிழக்கே இடஞ்சுழியாக நகர்கிறது. எனவே, திருப்பி வைத்த தட்டில் காலை நிழல் எற்பாட்டின் கட்டத்தில் போய் விழுகிறது. நெய்தல் நிலத்துப் பாத்திரத்தை ஏற்ற மாணவி விடிந்ததுமே தன் முழு வலிமையைப் பெற்றுவிடுகிறாள். அவளுக்கு உரிய பிற்பகலில் கருவி அவளைக் கைவிடுகிறது. பொழுதின் வரிசையே பிறழ்ந்த பின் திணையை எதைக் கொண்டு விளக்குவது?

பருவ வளையத்தைப் பற்றி எனக்கு இதைவிடப் பெரிய வருத்தம் உண்டு. ஆனி, ஆடியை முதுவேனில் என்று வளையத்தில் செதுக்கி, அம்மாதங்களில் நண்பகலின் ஆற்றல் இரட்டிப்பாகும் என்று விதி வகுத்திருக்கிறீர்கள். தமிழகத்துக்கு அது பொருந்தலாம். இங்கே அவை ஆண்டின் குளிர்ந்த மாதங்கள். கியூர்ப்பிப் மேட்டுநிலத்தில் பிள்ளைகள் கம்பளிச் சட்டையோடு பள்ளிக்குச் செல்லும் காலம். தைப்பூசக் காவடி எங்களுக்குக் கோடை வெயிலில் வருகிறது; வளையமோ தை மாதத்தை முன்பனி என்கிறது. கையேட்டின் பகல் அளவு அட்டவணையும் அப்படியே. சென்னையில் டிசம்பர் பிற்பகுதியில் பகல் ஏறத்தாழ 28 நாழிகை (ஒரு நாழிகை 24 நிமிடம்). அதே நாட்களில் எங்களுக்கு 33 நாழிகைக்கு மேல். ஆட்டம் தொடங்கும் ஆற்றலை அந்த அட்டவணையிலிருந்தே எடுக்க வேண்டியிருப்பதால், முதல் நகர்வுக்கு முன்பே கணக்கு தவறிவிடுகிறது.

மாதப் பெயர்களை மாற்றுங்கள் என்று நான் கேட்கவில்லை. சித்திரை எங்களுக்கும் சித்திரையே. மாதங்களைத் தனி வளையமாகவும் பருவங்களைத் தனி வளையமாகவும் பிரித்து, பருவ வளையத்தை ஆறு மாதம் நகர்த்தும்படி செய்தாலே போதும்: கார்காலம் மாசி, பங்குனியில் வந்து நிற்கும். எங்கள் மழைக்காலத்துக்கு அது பெரும்பாலும் ஒத்துவரும்.

இரவுக்கான நாழிகை வட்டிலில் குறை ஒன்றுமில்லை. அடியில் துளையிட்ட அந்தச் சிறு கிண்ணம் நீர் நிறைந்து மூழ்க 24 நிமிடம் எடுக்கிறது. நீருக்கு அட்சரேகை ஒரு பொருட்டில்லை. தட்டில் தமிழ் எண்களைப் பொறித்திருப்பதும் பாராட்டுக்குரியது. எங்கள் நாட்டு ரூபாய்த் தாள்களிலும் அவ்வெண்கள் இருப்பதால் பிள்ளைகள் உடனே வாசித்துவிட்டார்கள். இவ்வளவு அக்கறையுடன் செய்தவர்கள், தமிழர் வாழும் தென்பாதி நாடுகளை எண்ணிப் பார்க்காமல் விட்டதுதான் மனத்தை உறுத்துகிறது. ரியூனியனிலும் தென்னாப்பிரிக்காவிலும் இத்தொகுப்பை வாங்குவோர் இதே குறையைச் சந்திப்பார்கள்.

ஆகவே, இடஞ்சுழியாகக் குறியிட்ட மாற்றுத் தட்டு, அடியில் வைக்க 7 பாகை ஆப்பு, பிரித்து நகர்த்தக்கூடிய பருவ வளையம், தென் அட்சரேகைகளுக்கான பகல் அளவு அட்டவணை ஆகியவற்றைத் தங்கள் செலவிலேயே அனுப்பித் தருமாறு கேட்டுக்கொள்கிறேன். அது இயலாதெனில், தொகுப்பைத் திரும்பப் பெற்றுக்கொண்டு, அனுப்பும் கட்டணம் உட்பட முழுத் தொகையையும் தர வேண்டும். எதுவாயினும், சரியான பாகங்கள் தயாராகும் வரை பெட்டியின் மேலுள்ள அந்த உறுதிமொழியை நீக்கிவிடுங்கள். இக்கடிதம் கிடைத்த ஒரு மாதத்திற்குள் எழுத்து மூலமான பதிலை எதிர்பார்க்கிறேன். வாங்கிய ரசீதின் நகலையும், காலையிலும் மாலையிலும் நிழல் விழும் இடத்தைக் காட்டும் படங்களையும் இத்துடன் இணைத்துள்ளேன்.

இப்படிக்கு,
தங்கள் வாடிக்கையாளர்,
ரோஸ்ஹில்.