எழுத்து ஒன்றானால் போதுமா? மகளுக்கு ஒரு கடிதம்

உ
சிவமயம்

நாட்டரசன்கோட்டை

அன்புள்ள உமையாளுக்கு,

அப்பச்சி எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். உன் ஆத்தாவின் முட்டுவலி இப்போது பரவாயில்லை, கோயிலுக்கு நடந்தே போய் வருகிறாள்.

நீ வியன்னாவில் எடுத்திருக்கும் ஆராய்ச்சியைப் பற்றிப் படித்ததும் மனசுக்கு நிறைவாக இருந்தது. ஒப்பந்தம், விற்பனை, கடன், வாரிசுரிமை என்று மனிதர்களுக்குள் நடக்கும் விவகாரங்களுக்கான சட்டம் நாட்டுக்கு நாடு வேறாக இருக்கிறது, அதை ஒத்துப்போகச் செய்ய முடியுமா என்பதுதானே உன் கேள்வி. சிவகங்கை கோர்ட்டில் காலமெல்லாம் சிவில் வழக்கு நடத்திய எனக்கு இதைவிடப் பிடித்த விஷயத்தை நீ எடுத்திருக்க முடியாது. ஆனால் "இந்தியா வியன்னா உடன்படிக்கையில் சேர்ந்துவிட்டால் பாதிப் பிரச்சினை தீர்ந்தது" என்று எழுதியிருக்கிறாயே, அதை நான் ஒப்பமாட்டேன். சேர வேண்டும், அதில் சந்தேகம் இல்லை. நாடு விட்டு நாடு நடக்கும் சரக்கு விற்பனைக்கு ஒரே சட்டம் என்று 1980-ல் 62 நாடுகள் கூடி முடித்த உடன்படிக்கை அது. 1988-லிருந்து நடப்பில் இருக்கிறது. சீனா, அமெரிக்கா, ஜெர்மனி, ஜப்பான் எல்லாம் உள்ளே. நம் நகரத்தார் வட்டிக்கடை வைத்திருந்த ஊர்களில் சிங்கப்பூரும் உள்ளே, சைகோன் இருக்கும் வியட்நாமும் 2017-லிருந்து உள்ளே. நாம் வெளியே நிற்பது சரியில்லைதான். இருந்தாலும் சேருவது சின்ன வேலை. சேர்ந்தபின் அந்த எழுத்தை எல்லா ஊர் நீதிபதிகளும் ஒரே மாதிரி வாசிக்கப் பழகுவதுதான் பெரிய வேலை. அந்த இடத்தில் உன் ஆராய்ச்சி நிற்க வேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

ஏன் என்று சொல்கிறேன். நம் ஆட்கள் கொண்டுவிற்கப் போன ஊர்களை ஒரு தடவை வரிசையாக நினைத்துப் பார். ரங்கூனில் பிரிட்டிஷ் இந்தியச் சட்டம். 1937 வரை பர்மா இந்தியாவின் ஒரு மாகாணமாகத்தானே இருந்தது. கொழும்பில் அடியில் டச்சுக்காரர் விட்டுப்போன ரோமன்-டச்சுச் சட்டம், வணிகத்துக்கு மட்டும் மேலே ஆங்கிலச் சட்டம். பினாங்கிலும் சிங்கப்பூரிலும் ஆங்கிலேயரின் பொதுச்சட்டம். சைகோனில் பிரெஞ்சுக்காரர் சட்டம், மேடானில் டச்சுக்காரர் சட்டம். ஒரே விலாசம் (கடையின் பெயர்), ஒரே மாதிரிப் பேரேடு, ஒரே மாதிரி ஐந்தொகைக் கணக்கு. ஆனால் கடன் வாங்கியவர் திருப்பித் தராமல் போனால் ஊருக்கு ஒரு சட்டம். அப்படியும் தொழில் நடந்ததென்றால், தங்களுக்குள் இருந்த விவகாரத்தை அவர்கள் எந்த சர்க்காரிடமும் கொண்டுபோகாததுதான் காரணம். ரங்கூன் முகல் தெருக் கோயிலில் கூடி நடப்பு வட்டியை முடிவு செய்வார்கள். சச்சரவு வந்தால் பெரியவர்கள் உட்கார்ந்து தீர்த்துவைப்பார்கள். விதியை எழுதியவர்களும் அதை வாசித்தவர்களும் ஒரே ஆட்கள். அதனால் வாசிப்பில் பிசகு வரவில்லை. வெளியாட்களோடு வழக்கு என்று வந்தபோதுதான் கோர்ட்டும் வக்கீலும் தேவைப்பட்டார்கள்.

இப்போது 1872-ம் வருஷத்து இந்திய ஒப்பந்தச் சட்டத்தை எடுத்துக்கொள். சட்டத்தை ஒன்றாக்குவது பற்றி ஐரோப்பாவில் பெரிய பேச்சுத் தொடங்குவதற்கு முன்பே எழுதிய சட்டம் அது. ஹேக் நகரில் டச்சுச் சட்ட அறிஞர் டோபியஸ் ஆசர் முதல் மாநாட்டைக் கூட்டியது 1893-ல்தான், நாடுகளின் தனியார் சட்டங்களை ஒத்துப்போகச் செய்யும் ரோம் நிறுவனம் (UNIDROIT) வந்தது 1926-ல், உன் ஊரில் இருக்கும் ஐ.நா. வணிகச் சட்ட ஆணையத்தை உருவாக்கியது 1966-ல். அதற்கெல்லாம் முன்பே சென்னைக்கும் ரங்கூனுக்கும் ஒரே ஒப்பந்தச் சட்டம். 1899-லிருந்து அதே வாசகங்கள் மலாய் மாநிலங்களுக்கும் போயின. இன்று அது மலேசியாவின் 1950 ஒப்பந்தச் சட்டமாக நிற்கிறது. பிரிவு எண்கள் கொஞ்சம் தள்ளிப்போயிருக்கும், வார்த்தைகள் அப்படியே இருக்கும்.

சரி, எழுத்து ஒன்றுதான். தீர்ப்பு ஒன்றாக வந்ததா? குறித்த நாளில் வேலையை முடிக்காவிட்டால் இவ்வளவு தர வேண்டும் என்று ஒப்பந்தத்திலேயே ஒரு தொகை போட்டுவைப்பார்களே, அதைப் பற்றியது நம் 74-வது பிரிவு. மலேசியாவில் 75. நஷ்டத்தை நிரூபித்தாலும் நிரூபிக்காவிட்டாலும், குறித்த தொகைக்கு மேல் போகாமல் நியாயமான ஈடு கிடைக்கும் என்று இரண்டிலும் ஒரே வாசகம். 1963-ல் நம் உச்ச நீதிமன்றம், நஷ்டத்தின் அளவை நிரூபிக்கத் தேவையில்லை, ஆனால் நியாயமான ஈடு எது என்பதைக் கோர்ட்தான் பார்க்கும் என்றது. 1995-ல் மலேசியக் கூட்டரசு நீதிமன்றம் அதே வாசகத்தை வைத்துக்கொண்டு, கணக்கிட முடியாத சில இனங்களைத் தவிர, நஷ்டத்தை நிரூபித்தே ஆக வேண்டும் என்றது. "நிரூபிக்காவிட்டாலும்" என்று சட்டமே சொல்லியும்! அப்புறம் 2018-ல் அதே நீதிமன்றம் திரும்பி வந்து, நியாயமான ஈடா என்று பார்த்தால் போதும் என்றது. இடையில் இருபது வருஷத்துக்கு மேல், கோலாலம்பூரில் இருந்த ஒரு காண்டிராக்டருக்கும் காரைக்குடியில் இருந்த ஒரு காண்டிராக்டருக்கும் ஒரே வாசகம் இரண்டு சட்டமாக இருந்தது.

மைனர் விஷயமும் அப்படித்தான். மைனர் போட்ட ஒப்பந்தம் செல்லாது என்று 1903-ல், அப்போது கடைசி அப்பீல் கோர்ட்டாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் சொன்னதை இரண்டு நாடும் பின்பற்றின. மலேசியாவில் அரசு உபகாரச் சம்பளம் வாங்கிப் படித்த மாணவர்களிடம் ஒப்பந்தப்படி வசூலிக்க அதுவே தடையானதும், 1976-ல் அவர்கள் திருத்தம் போட்டுவிட்டார்கள். அவர்களுக்கு அது தேவைப்பட்டது. அதில் தப்பு ஒன்றும் இல்லை.

ஒரு காலத்தில் இந்த விலகல்களை இழுத்துப்பிடிக்க மேலே ஒரே கோர்ட் இருந்தது. சென்னை, ரங்கூன், கொழும்பு, கோலாலம்பூர் எங்கிருந்து அப்பீல் போனாலும் லண்டன் பிரிவி கவுன்சில்தான் கடைசி. இந்தியா 1949-ல் விலகியது, இலங்கை 1971-ல், மலேசியாவில் 1985-லிருந்து அந்த வழி முழுக்க அடைபட்டது. விலகியது சரி. நம்மை அடிமைப்படுத்திய நாட்டின் கோர்ட் அது, திரும்பி வர வேண்டும் என்று நான் சொல்லவே மாட்டேன். ஆனால் அது செய்த வேலையை இன்று யார் செய்கிறார்கள்? வியன்னா உடன்படிக்கைக்கு மேல்கோர்ட் கிடையாது. 7-வது ஷரத்து மட்டும் இருக்கிறது: இது பல நாடுகளுக்குப் பொதுவான சட்டம் என்பதையும் எங்கும் ஒரே மாதிரி நடக்க வேண்டும் என்பதையும் மனதில் வைத்து வாசி என்று நீதிபதியைக் கேட்டுக்கொள்கிறது. அவ்வளவுதான். சரக்கில் குறை இருந்தால் நியாயமான காலத்துக்குள் விற்றவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிறது 39-வது ஷரத்து. நியாயமான காலம் என்றால் எவ்வளவு? ஆஸ்திரிய உச்ச நீதிமன்றம் சுமார் இரண்டு வாரம் என்கிறது, பக்கத்து நாடான ஜெர்மனியில் ஒரு மாதம் வரை விடுகிறார்கள். ஒரே பாஷை பேசும் இரண்டு நாட்டிலேயே இப்படி. நாளைக்கு நாமும் சேர்ந்தபின், ஆத்தங்குடிக் கல் வாங்கிய வியன்னா வியாபாரி இருபதாம் நாள் கடிதம் போட்டால், வழக்கு எந்த ஊரில் விழுகிறது என்பதே முடிவைச் சொல்லிவிடும்.

வட்டி விஷயத்தை நீ விட்டுவிடக் கூடாது. நகரத்தார் வீட்டுப் பெண் வேறு யார் எழுதுவது? 78-வது ஷரத்து, பணம் தாமதமானால் வட்டி உண்டு என்கிறது. எவ்வளவு என்று சொல்லவில்லை. வட்டியே ஆகாது என்ற நாடுகளும், மத்திய வங்கி விகிதம் போதும் என்ற நாடுகளும், கடன் வாங்கும் செலவு முழுதும் வர வேண்டும் என்ற நாடுகளும் ஒரே மேசையில் உட்கார்ந்தால் வேறென்ன நடக்கும்? ரோம் நிறுவனத்தின் 1994 கோட்பாடுகள் அந்த இடத்தை நிரப்பப் பார்த்தன: எந்த நாணயத்தில் பணம் தர வேண்டுமோ, அந்த நாணயத்துக்குப் பணம் தர வேண்டிய ஊரில் வங்கிகள் நல்ல வாடிக்கையாளருக்குக் குறுகிய காலக் கடன் தரும் சராசரி வட்டி. எனக்கு இது முகல் தெருக் கோயிலில் செய்ததற்கு மிக நெருக்கமாகப் படுகிறது. ஊரில் பணத்துக்கு என்ன விலையோ அதுதான் வட்டி. இன்னொன்றும் பார். வட்டி அசலைத் தாண்டக் கூடாது என்று பம்பாய், கல்கத்தா பக்கம் இந்துக்களுக்குத் தாம்துபத் என்று ஒரு விதி உண்டு. நம் சென்னை மாகாணத்தில் அது செல்லாது. ரோமன்-டச்சுச் சட்டத்திலும் அதே விதி இருக்கிறது. யாரும் மாநாடு கூட்டவில்லை, எந்த உடன்படிக்கையும் இல்லை. இப்படித் தாமாகவே ஒத்துப்போன இடங்களைத் தேடி எடுத்தால் அங்கிருந்து தொடங்கலாம் என்பது என் எண்ணம்.

பர்மாவையும் எழுது, கொஞ்சம் கசந்தாலும் எழுது. ஐராவதி டெல்டாவில் நெல் விளைவித்தவருக்குப் புரியாத பாஷையில் எழுதிய ஒப்பந்தச் சட்டம், அவருக்குப் பழக்கமில்லாத கோர்ட். கடன் கொடுத்த நம்மவர்களுக்கு அந்த ஒரே சட்டம் சௌகரியமாக இருந்தது. 1930-ல் நெல் விலை விழுந்ததும் அடமான நிலம் கைமாறியது. கீழ் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்கள் 13-ல் நம்மவர் கையில் இருந்த நிலம் 1930-ல் சுமார் 6 சதவீதம், 1938-ல் 25 சதவீதம். என் ஐயா, உனக்குப் பாட்டையா, அந்த நிலங்களை யாரும் ஆசைப்பட்டு வாங்கவில்லை, பணம் வராததால் நிலம் வந்தது என்பார். அது உண்மைதான். நிலத்தை இழந்த குடும்பத்துக்கு அந்தக் காரணத்தால் ஆகப்போவது ஒன்றுமில்லை என்பதும் உண்மை. 1948-ல் பர்மா அரசு நிலத்தைத் தேசியமயமாக்கச் சட்டம் போட்டது, நம்மவர்கள் கடைசியில் எல்லாவற்றையும் இழந்தார்கள். சட்டத்தை ஒன்றாக்கும்போது மேசையில் யார் உட்காரவில்லை என்று முதலில் பார்க்கச் சொல்வது இதனால்தான். வியன்னா உடன்படிக்கை, வீட்டு உபயோகத்துக்கு வாங்குகிறவரை வெளியே விட்டது நல்ல முடிவு. ஐரோப்பிய ஆணையம் 2011-ல் முன்வைத்த பொது விற்பனைச் சட்ட வரைவு அவரையும் உள்ளே இழுத்தது. உள்நாட்டுப் பாதுகாப்புப் போய்விடும் என்று நுகர்வோர் அமைப்புகள் எதிர்த்தன, சில வருஷங்களில் திரும்பப் பெற்றார்கள்.

எல்லாவற்றையும் ஒன்றாக்கத் தேவையில்லை என்பதற்கும் நம்மிடம் சாட்சி இருக்கிறது. ஒரு நகரத்தாருக்கு இலங்கையில் இருந்த சொத்துக்கு மரண வரி கேட்ட வழக்கில் 1957-ல் பிரிவி கவுன்சில் தீர்ப்புச் சொன்னது. இது கூட்டுக்குடும்பச் சொத்தா என்பதை ரோமன்-டச்சுச் சட்டத்தில் தேடாமல், இந்துச் சட்டம் என்ன சொல்கிறது என்று கேட்டுத் தீர்த்தார்கள். அவரவர் சட்டம் அவரவருக்கு இருக்கட்டும், தேவைப்பட்ட இடத்தில் மற்றவர் சட்டத்தை மரியாதையோடு கேட்டுக்கொண்டால் போதும். குடும்பம், வாரிசுரிமை எல்லாம் இப்படியே இருப்பதுதான் நல்லது. சிங்கப்பூர் மேல்கோர்ட்டின் டிக்ரியை (தீர்ப்பாணையை) இன்றைக்கும் நேரே சிவகங்கை ஜில்லா கோர்ட்டில் நிறைவேற்ற மனுப் போடலாம், நம் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 44-ஏ பிரிவு இடம் தருகிறது. பக்கத்தில் இருக்கும் கொழும்புத் தீர்ப்புக்கு அது இல்லை, அதை வைத்துப் புதிதாக வழக்குத் தொடுக்க வேண்டும். இதைச் சரிசெய்ய யாரும் தன் சட்டத்தை மாற்ற வேண்டாம். இரண்டு அரசு மனசு வைத்தால் நடக்கும்.

அதனால் இப்போதைக்கு ஒன்று செய். நம் 1963 தீர்ப்பையும் மலேசியாவின் 1995, 2018 தீர்ப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படி. ஒருவர் மற்றவரின் தீர்ப்பை எந்த இடத்தில் எடுத்துக்கொண்டார், எந்த இடத்தில் விட்டுவிட்டார் என்று ஓரத்தில் குறித்துக்கொண்டே போ. உன் பேராசிரியர் வேறு விதமாகச் சொன்னால் அதையும் எழுது, எனக்குத் தெரிந்துகொள்ள ஆவல். பாட்டையாவின் ரங்கூன் பேரேட்டில் நடப்பு வட்டி எழுதியிருக்கும் பக்கங்களைப் பெட்டகத்திலிருந்து எடுத்து வைத்திருக்கிறேன். எழுத்து மங்கலாக இருக்கிறது. காரைக்குடியில் ஸ்கேன் எடுத்து இந்த வாரமே அனுப்புகிறேன்.

செவ்வாய்ப் பொங்கலுக்கு வருகிறாயா இல்லையா என்று ஆத்தா தினமும் கேட்கிறாள். வருவதானால் டிக்கெட்டை இப்போதே போட்டுவிடு.

அன்புடன்,
அப்பச்சி