டூஷான் வூகோத்திச்சையும் பாடத்தில் சேருங்கள்

அனிமேஷன் பயிற்சி நிலையங்களில் பாடம் எடுக்கும் ஆசிரியர்களுக்கு,

வணக்கம். பதினொரு வருடமாக இந்தத் தொழிலில் இருக்கிறேன். நான் படித்த இடத்தில் முதல் நாளே மென்பொருளைத் திறக்கச் சொன்னார்கள். டிஸ்னிக்கு ஒரு வகுப்பு, ஜப்பானியப் படங்களுக்கு ஒரு வகுப்பு; அதோடு வரலாறு முடிந்தது. குரோஷியாவின் ஸாக்ரெப் நகரைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. வேலைக்குச் சேர்ந்து பல வருடம் கழித்துத்தான் அந்த ஊர் இயக்குநர் டூஷான் வூகோத்திச்சின் 'சுரோகாத்' என்ற அனிமேஷன் படம் கண்ணில் பட்டது. அன்று ராத்திரி தூங்காமல் அதையே திரும்பத் திரும்ப ஓடவிட்டேன்.

பத்து நிமிடப் படம். முக்கோணத்துக்குக் கைகால் முளைத்த மாதிரி ஒரு தடியன் கடற்கரைக்கு வருகிறான். சின்னச் சின்ன வண்ணத் துண்டுகளை எடுத்து ஊத ஊத, தேவையானதெல்லாம் உப்பி எழுகிறது. ஒரு பெண்ணையே ஊதி உண்டாக்குகிறான். அவளோ அவனுக்குப் பிடிகொடுப்பதில்லை. கடைசியில் வழியில் கிடந்த ஓர் ஆணி போதுமாக இருக்கிறது, அவனும் காற்றுப்போய் ஒன்றுமில்லாமல் போக. அந்த உடம்பில் நிழல் கிடையாது, ஒரு மடிப்பு கிடையாது. நாலு கோட்டில் அவன் கர்வம் தெரிகிறது, பொறாமை தெரிகிறது. 1961-இல் வந்த இந்தப் படத்துக்கு 1962-இல் ஆஸ்கர் கிடைத்தது. கார்ட்டூன் குறும்படப் பிரிவில் அமெரிக்காவுக்கு வெளியே போன முதல் விருது அதுதான்.

இந்தச் சிக்கனம் எங்கிருந்து வந்தது என்பதைத்தான் மாணவர்களுக்குச் சொல்ல வேண்டும். 1927-இல் ஹெர்ஸகோவினாவின் பிலேச்சாவில் பிறந்தவர் வூகோத்திச். ஸாக்ரெபில் கட்டடக்கலை படித்தார், 'கெரெம்புஹ்' நையாண்டி இதழுக்குக் கேலிச்சித்திரம் போட்டார். அவர் வேலை பார்த்த டூகா ஃபிலிம் என்ற அனிமேஷன் நிறுவனம் 1952-இல் மூடப்பட்டது. கையில் காசில்லை, படம் வரைகிற செல்லுலாய்டு தாளுக்கும் தட்டுப்பாடு. திரையில் நொடிக்கு 24 ஃப்ரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள், ஓட வேண்டும் என்றால் பத்து நிமிடத்துக்கு 14,400. இரண்டு ஃப்ரேமுக்கு ஒரு ஓவியம் என்று வைத்தாலும் 7,200. அவ்வளவு வரைய வழியே இல்லை. எது அசைய வேண்டும், எது சும்மா நின்றாலே போதும் என்று ஒவ்வொரு காட்சிக்கும் அவரும் நண்பர்களும் யோசித்தாக வேண்டியிருந்தது. அந்த யோசனையே அவர்கள் பாணியாகிவிட்டது. 1956-இல் ஸாக்ரெப் ஃபிலிம் என்ற படநிறுவனத்தில் அனிமேஷன் பிரிவு தொடங்கியபோது அதன் முதல் படத்தை இயக்கியவரும் அவர்தான்.

"வீட்டில் நல்ல கம்ப்யூட்டர் இல்லை சார், ரெண்டர் பண்ண முடியாது, சொந்தப் படமெல்லாம் எனக்கு எங்கே" என்று போன மாதம் ஒரு பையன் என்னிடம் சொன்னான். அவன் நோட்டில் இருந்த ஓவியங்களைப் பார்த்தேன், நல்ல கை. இரண்டு வருடப் படிப்பு முடித்தவன் இப்படிச் சொல்கிறானே என்று மனசு கேட்கவில்லை. அதனால்தான் இந்த மடல்.

முதல் வாரத்திலேயே 'சுரோகாத்'தைத் திரையிடுங்கள். கூடவே அவருடைய 'இக்ரா'வையும் (1962). ஒரு பையனும் ஒரு பெண்குழந்தையும் காகிதத்தில் படம் வரைந்து விளையாட, அவர்கள் சண்டை அந்த ஓவியங்களுக்குள்ளேயே போராக மூளும் படம் அது. பிறகு ஆளுக்கொரு பென்சிலும் இருபது தாளும் கொடுத்து, அதற்குள் பத்து நொடிக் கதை ஒன்று சொல்லச் சொல்லுங்கள். வகுப்புக்கு ஆள் வேண்டுமென்றால் கூப்பிடுங்கள், சம்பளமில்லாமல் வருகிறேன். தாளும் நானே கொண்டுவருகிறேன்.

அன்புடன்,
ஓர் அனிமேஷன் தொழிலாளி