பெரியப்பா வீட்டுக்குப் போனேன்

அல்சூர், பெங்களூரு

அன்புள்ள கண்ணா,

உன் அலமாரியை ஒழித்தபோது ஒரு காலண்டர் தாள் கிடைத்தது. பின்புறம் முழுக்க உன் கோணல் கையெழுத்தில் அர்த்தமற்ற ஆங்கில எழுத்துகள். சற்று நேரம் கழித்துத்தான் பிடிபட்டது: நாம் சேர்ந்து பார்த்த 'கிராவிட்டி ஃபால்ஸ்' கார்ட்டூன் தொடர்!

பகுதி முடிந்து பெயர்கள் ஓடும்போது ஒரு சங்கேத வரி வரும். படத்தை நிறுத்திவிட்டு, "அப்பா, சீக்கிரம் எழுதுங்கள்" என்பாய். ஒவ்வோர் எழுத்துக்கும் பதிலாக மூன்று எழுத்து பின்னோக்கிப் போனால் விடை. ஜூலியஸ் சீசர் கையாண்ட உத்தி. 'கிராவிட்டி ஃபால்ஸுக்கு நல்வரவு' என்று முதல் வரி வந்ததும் கட்டிலில் ஏறிக் குதித்தாய். ஆறு பகுதிகளுக்குப் பின் அது பலிக்கவில்லை, அகரவரிசையையே தலைகீழாக்கிவிட்டார்கள். அதைக் கண்டுபிடிக்க எனக்கு இரண்டு நாள் ஆனது. உன்னிடம் அரை மணி என்று சொன்னேன்.

2012 முதல் 2016 வரை மொத்தமே 40 பகுதிகள். அதில் வந்த முக்கோணப் பிசாசுக்கு நான் பயப்படவில்லை. 2015-இல் வந்த ஸ்டான் தாத்தாவின் பழைய கதைக்குத்தான் பயந்தேன். கூடப்பிறந்தவனின் அறிவியல் கருவியை அவர் கைதவறிக் கெடுத்துவிடுகிறார். அவனுடைய கல்லூரிக் கனவு போகிறது, இவரை வீட்டைவிட்டே துரத்துகிறார்கள். பிறகு வேற்றுலகில் மாட்டிக்கொண்ட அவனை மீட்க, அவன் பெயரிலேயே வாழ்ந்துகொண்டு நிலவறையில் முப்பது வருடம் இயந்திரத்தைச் சரிசெய்கிறார். திரும்பி வந்தவன் முதல் வேலையாக விட்டானே ஒரு குத்து! நீ உருண்டு சிரித்தாய். தண்ணீர் குடிக்கிறேன் என்று எழுந்து போன நான் திரும்பி வரவில்லை.

காரணம் உனக்கு இப்போது தெரிந்திருக்கும். வேலூர் வீட்டை விற்றபோது உன் பெரியப்பாவைக் கேட்காமல் கையெழுத்துப் போட்டேன். 19 வருடம் ஆகிறது. அவர் இருப்பது ஸ்ரீராமபுரத்தில்; மெட்ரோவில் மெஜஸ்டிக்கில் ஒருமுறை மாறினால் போதும். முப்பது வருடம் பாடுபட வேண்டிய தூரமில்லை.

ஞாயிற்றுக்கிழமை போனேன். கதவைத் திறந்தவர் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு, "செருப்பை உள்ளே வை, நாய் தூக்கிக்கொண்டு போய்விடும்" என்றார். குத்தவில்லை. பெரியம்மா காப்பி கொடுத்தார். வேலூர் வீட்டைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை.

கிளம்பும்போது உன் எண்ணைக் கேட்டு வாங்கிக்கொண்டார். இந்த வாரம் தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு வந்தால் எடு. அவருக்கு இடது காது மந்தம், சத்தமாகப் பேசு.

அன்புடன்,
அப்பா